பாதி கழிந்த கடன்

குமரவேலுக்குக் கணக்கு வராது என்று சோரியாங்குப்பத்தில் யாரும் சொல்லிவிட முடியாது. ஊர்த் தண்ணீர்த் தொட்டிக்கு மோட்டார் போடுகிறவன் அவன். கரண்டு எப்போது போய் எப்போது வந்தது என்று கேட்டுக்கொண்டு, தொட்டியில் தண்ணீர் எந்த மட்டத்தில் நிற்கிறது என்பதை ஏறிப் பார்க்காமலே சொல்லிவிடுவான். தெற்குத் தெருவுக்கு எவ்வளவு நேரம் திறந்துவிட்டால் கடைசி வீட்டுக் குடம் நிரம்பும் என்பது அவனுக்குத்தான் தெரியும். அறுப்பு மிஷின்காரன் மணிக்கணக்கில் கூடுதலாகச் சொன்னால் வரப்பில் நின்றபடியே மடக்கிவிடுவான். அப்படிப்பட்டவன் ஒரே ஒரு கணக்கில் குப்புற விழுந்தான். விழுந்ததைக்கூட மன்னிக்கலாம். தங்கையின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு விழுந்தான் என்பதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

கணக்கு எங்கே தப்பியது என்று சொல்ல, அவன் அப்பா பக்கிரியிடமிருந்து தொடங்க வேண்டும். எங்கள் பக்கத்தில் நிலத்தின் பேரில் பணம் வாங்க ஒரு முறை உண்டு. பணம் கொடுத்தவர் நிலத்தை உழுது சாப்பிடுவார். வட்டி கிடையாது. அதோடு வருஷத்துக்கு இவ்வளவு என்று கொடுத்த முதலிலும் கழித்துக்கொண்டே வருவார். கழிவுக்கு விடுவது என்று அதற்குப் பெயர். சொன்ன வருஷம் முடிந்தால் நிலம் தானாகத் திரும்பிவிடும். நடுவிலேயே கையில் பணம் புரண்டால், மிச்ச வருஷத்துக்கு உண்டானதைக் கொடுத்து மீட்டுக்கொள்ளலாம். பக்கிரி தன்னுடைய அரைக் காணி வயலை அப்படித்தான் விட்டிருந்தார். சொன்ன வருஷத்தில் பாதி ஆனபோது இரண்டு மாட்டை விற்று, பாதிப் பணத்தை மடியில் கட்டிக்கொண்டு போய் வயலை மீட்டு வந்தார். கூடப் போனவன் குமரவேல். அப்போது பள்ளிக்கூடம் போகிற வயது. அப்பா வயலில் இறங்கி ஒரு கை மண்ணை எடுத்து நெற்றியில் வைத்துக்கொண்டதைப் பார்த்தான். பாதி வருஷம் என்றால் பாதிக் கடன் என்பது அன்றைக்கு அவன் மண்டையில் ஏறி உட்கார்ந்தது. அதை இறக்கிவிட அப்புறம் யாரும் வரவில்லை.

பக்கிரியும் அவர் சம்சாரமும் காலமான பிறகு, வேலை நிரந்தரமானதும், குமரவேல் வீடு கட்ட ஆரம்பித்தான். பழைய வீடு மழைக்கு மழை ஒழுகிக்கொண்டிருந்தது. புதுச்சேரியில் வீட்டுக்கடன் கொடுக்கிற ஒரு கம்பெனியில் பன்னிரண்டு லட்சம் தருவதாகச் சொன்னார்கள். இருபது வருஷம். மாதம் பன்னிரண்டாயிரம். ஆனால் மனை பக்கிரி பெயரில் இருந்தது. கூடப் பிறந்தவள் ஒருத்தி இருக்கிறாளே, அவள் தன் பங்கை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட்டால்தான் பணம் என்றார்கள்.

அவள் செல்வகுமாரி. வில்லியனூரில் சுப்பராயலு என்கிற கொத்தனாருக்கு வாழ்க்கைப்பட்டவள். ஊருக்கெல்லாம் வீடு கட்டுகிற கொத்தனார், தான் மட்டும் வாடகை வீட்டில் இருந்தார். அண்ணன் போன் செய்ததும், எதற்கு, என்ன என்று கேட்காமல் செல்வி பாகூர் பத்திர ஆபீசுக்கு வந்து வேப்பமரத்தடியில் நின்றாள். காற்றில் பேப்பர் பறக்காமல் ஓரத்தை அண்ணன் பிடித்துக்கொள்ள, தங்கை காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டாள். ஒரு வரி படிக்கவில்லை. அண்ணன் பிடித்துக்கொண்டிருக்கிற பேப்பரை எந்தத் தங்கை படிப்பாள்?

அப்படிக் கையெழுத்துப் போட்டு விட்டுக்கொடுக்கிற பெண்ணை எங்கள் பக்கம் வெறுங்கையோடு அனுப்ப மாட்டார்கள். புடவை எடுத்துக் கொடுத்து, பூ வைத்துத்தான் அனுப்ப வேண்டும். குமரவேலும் எடுத்துக் கொடுத்தான். பத்திரச் செலவு கையைக் கடித்திருந்ததால் கடைக்காரரிடம் பேரம் பேசி, பட்டு மாதிரியே மினுக்குகிற ஒன்றாகப் பார்த்து வாங்கினான். கவரை அவள் கையில் கொடுக்கும்போது சொன்னான்.

“பத்தே வருஷம் செல்வி. பத்து வருஷத்துல பாதி கழிஞ்சிடும். மீதிப் பாதிய ஒரேடியா கட்டி பத்திரத்த வாங்கிடுவேன். பக்கத்துலயே மூணு குழி ஒனக்குப் பிரிச்சி எழுதிக் குடுத்துடறேன். நீயும் இங்கயே வந்துடு.”

மூன்று குழி என்றால் ஒரு சின்ன வீடும் வாசலில் ஒரு முருங்கை மரமும் நிற்கிற இடம். செல்வி சந்தோஷமாகத்தான் போனாள். அந்தப் புடவை முதல் தண்ணீரிலேயே சாயம் விட்டு, கூட ஊறவைத்த புருஷன் சட்டையையும் ரோஸ் கலர் ஆக்கிவிட்டது. அதை அவள் பல வருஷம் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள். அண்ணன் புடவை வேண்டுமா, இல்லை வெள்ளைச் சட்டை வேண்டுமா என்று சுப்பராயலுவைக் கேலி செய்வாள். குமரவேலும் கூடச் சேர்ந்து சிரிப்பான்.

வீடு நன்றாகத்தான் வந்தது. முன்பக்கம் தூண் வைத்த போர்ட்டிகோ, ஹாலுக்கு டைல்ஸ், மாடிப் படிக்குச் சில்வர் கைப்பிடி. தவணை ஒரு மாதம்கூடத் தப்பவில்லை. டவுனில் வேலை பார்க்கிறவர்களெல்லாம் வட்டி ஏறிவிட்டது, தவணை ஏறிவிட்டது என்று டீக்கடையில் புலம்பும்போது குமரவேல் கால்மேல் கால் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பான். தன்னுடைய தவணை ஆரம்பத்தில் எவ்வளவோ அதேதான், பத்துப் பைசா ஏறவில்லை என்பான். கம்பெனியிலிருந்து போனுக்கு இங்கிலீஷில் ஏதோ வந்துகொண்டிருக்கும். விளம்பரம் என்று தள்ளிவிடுவான்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் அவன் கையில் இரண்டு லட்சம் சேர்ந்தது. கடனில் கட்டிவிடலாம் என்றுதான் நினைத்தான். அந்த நேரம் பார்த்து மகள் பெரிய மனுஷியானாள். பாகூரில் மண்டபம் பிடித்து, செண்டை மேளம் வைத்து, ஊரே மலைக்கும்படி மஞ்சள் நீராட்டு விழா செய்தான். அத்தை முறைக்குச் செல்வி தட்டு வரிசையோடு ஒரு மோதிரமும் கொண்டுவந்தாள். தன் கம்மலை அடகு வைத்து அந்த மோதிரத்தை வாங்கியிருந்தாள் என்பது அவனுக்குத் தெரியும். தெரிந்துதான் போட்டோவுக்குச் சிரித்தான்.

இந்தத் தை மாதம் செல்வி வந்தாள். பொங்கல் முடிந்து நெல் அறுப்பு நடந்துகொண்டிருந்தது. புயலில் பெண்ணையாற்றுத் தண்ணீர் புகுந்து பாதிப் பயிர் அழுகிப்போய், மிச்சமிருந்ததை மிஷின் அறுத்துக் கொட்டிக்கொண்டிருந்தது. ஈர நெல்லை ரோட்டில் கொட்டிக் காலால் அளைந்துகொண்டிருந்த அண்ணனோடு செல்வியும் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கிவிட்டாள். வண்டிகள் நெல்மேல் ஏறாமல் ஓரத்தில் கல் வைத்தாள். மத்தியானம் குமரவேலின் சம்சாரம் அஞ்சலாட்சி மொச்சையும் கத்திரிக்காயும் போட்டுக் கருவாட்டுக் குழம்பு வைத்திருந்தாள். சாப்பிட்டு முடித்துத் தட்டில் கை கழுவுகிற வரைக்கும் செல்வி வந்த விஷயத்தைச் சொல்லவில்லை.

புயலில் சங்கராபரணி ஆறு பொங்கிச் செல்வியின் தெருவுக்குள் இடுப்பளவு தண்ணீர் வந்ததும், இரண்டு நாள் பள்ளிக்கூடத்தில் தங்கியதும் அண்ணனுக்கும் அண்ணிக்கும் முன்பே தெரியும். இப்போது வீட்டுக்காரர் சுவர் ஊறிவிட்டது, இடித்துக் கட்டப்போகிறேன், பங்குனிக்குள் காலி செய்யுங்கள் என்கிறார். சுப்பராயலுவுக்குச் சாரத்திலிருந்து விழுந்த பிறகு இடுப்பு சரியில்லை, பூச்சு வேலைக்கு மட்டும் போகிறார். வேறு வீட்டுக்கு அட்வான்ஸ் கொடுக்க வழியில்லை.

“கல்வூடு கட்டறதுக்கு கவருமெண்டு பணம் குடுக்கறாங்கல்ல, அந்த லிஸ்டுல எம் பேரு வந்துருக்குதுண்ணா. எம் பேர்ல மனை காட்டுனாத்தான் குடுப்பாங்களாம். பங்குனி முடியறதுக்குள்ள காட்டணும். இல்லன்னா அடுத்த பேருக்குப் போயிடுமாம். நீ சொன்ன மூணு குழிய எழுதிக் குடுத்தீன்னா, அவுரே நின்னு கட்டிடுவாரு” என்றாள் செல்வி.

குமரவேல் யோசிக்கவே இல்லை.

“சரியான நேரத்துக்குத்தான் வந்துருக்கற. இந்த மாசத்தோட பத்து வருஷம் முடியுது. பாதி கழிஞ்சிருக்கும். மீதி ஆறு லட்சம். அதக் கட்டி பத்திரத்த வாங்கிட்டு நேரா உங்கிட்டதான் வருவேன்.”

அவன் பொய் சொல்லவில்லை. அத்தனையும் அவன் நம்பியதுதான். செல்வி போனதும் ஆறு லட்சத்துக்கு அலைய ஆரம்பித்தான். இரண்டு லட்சம் சீட்டைத் தள்ளி எடுத்தான். ஆபீஸ் சொசைட்டியில் ஒரு லட்சம் வாங்கினான். பாக்கிக்கு அஞ்சலாட்சியின் நகைதான். அடகு வைத்தால் அதற்கு வேறு வட்டி கட்ட வேண்டுமே, வீட்டுக்கடன்தான் முடியப்போகிறதே, மாதம் மிச்சமாகிற பன்னிரண்டாயிரத்தில் புதிதாகவே செய்துகொள்ளலாம் என்று விற்கச் சொன்னான். அஞ்சலாட்சி இரண்டு நாள் பேசாமல் இருந்தாள். மூன்றாம் நாள் ஆரத்தையும் வளையல்களையும் கழற்றிக் கொண்டுவந்து வைத்து, நாத்தனார் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் படுத்திருந்ததைப் பார்த்த பிறகு தனக்கும் மனசு கேட்கவில்லை என்றாள். அந்த மனசுக்காகவாவது அவன் ஒரு தடவை கம்பெனியில் போன் போட்டுக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. பக்கிரி மகனுக்கு அது தெரிந்த கணக்கு.

புதுச்சேரியில் அந்தக் கம்பெனி ஆபீஸ் மாடியில் இருந்தது. ஏசி குளிரில், வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்த பெண்ணுக்குக் கல்யாணமாகி ஒரு வருஷம்கூட இருக்காது, தாலிக் கயிறு மஞ்சளாக இருந்தது. மரியாதையாகத்தான் பேசினாள். கடனை முடிக்க வந்திருக்கிறேன், ஆறு லட்சம் தயாராக இருக்கிறது என்று அவன் சொன்னதும் கம்ப்யூட்டரைப் பார்த்துவிட்டு, ஒன்பது லட்சத்து ஐயாயிரம் கட்ட வேண்டும் என்றாள்.

வேறு யாருடைய கணக்கையோ பார்க்கிறாள் என்று நினைத்து அவன் தன் பெயரையும் ஊரையும் இன்னொரு தடவை சொன்னான்.

“உங்களோடதுதான் சார். குமரவேல், தகப்பனார் பேர் பக்கிரி.”

“பாதி வருஷம் கட்டிட்டேனேம்மா.”

“வருஷம் பாதி சார். கடன் பாதி இல்ல. மாசா மாசம் பாக்கி நிக்கிற மொத்தத்துக்கும் மொதல்ல வட்டிய எடுத்துடுவாங்க. மிஞ்சறதுதான் அசல்ல கழியும். நீங்க கட்டுன மொத தவணையில பத்தாயிரத்தைநூறு வட்டிக்கே போயிடுச்சு. ஆயிரத்தைநூறுதான் சார் கழிஞ்சுது. போகப் போகத்தான் கூடுதலா கழியும்.”

இதுவரை எவ்வளவு கட்டியிருக்கிறேன் என்று கேட்டான். பதினாலு லட்சத்துக்கு மேல் என்றாள். பன்னிரண்டு வாங்கிப் பதினாலு கட்டி, இன்னும் ஒன்பது நிற்கிறது. அப்படியே விட்டால் எப்போது முடியும் என்று கேட்டான். இன்னும் பன்னிரண்டு வருஷம் ஆகும் என்றாள். பத்துத்தானே இருக்க வேண்டும் என்றான். நடுவில் வட்டி ஏறியதில் வருஷம் கூடியிருக்கிறது என்றாள்.

“வட்டி ஏறுனா ஏன் எனக்குச் சொல்லல?”

“மெசேஜ் போயிருக்கும் சார். வட்டி ஏறுனா தவணைய ஏத்தணும், இல்லன்னா வருஷத்த ஏத்தணும். தவணை ஏறக்கூடாதுன்னு நீங்கதான் கையெழுத்து போட்டுக் குடுத்திருக்கீங்க.”

பத்துப் பைசா ஏறவில்லை என்று டீக்கடையில் உட்கார்ந்து பேசியதெல்லாம் அவனுக்கு வரிசையாக ஞாபகம் வந்தது. கடைசியில் மொத்தம் எவ்வளவு ஆகும் என்று அவளே கூட்டிச் சொன்னாள். முப்பத்தொரு லட்சம். அந்தத் தொகையில் அவன் வீட்டைப் போல் இரண்டரை வீடு கட்டலாம். நடுவில் எப்போதாவது இரண்டு லட்சம், ஒரு லட்சம் என்று கட்டியிருந்தால் எத்தனையோ வருஷம் குறைந்திருக்கும் சார் என்று அவள் நல்லெண்ணத்தில் சொன்னாள். செண்டை மேளம் அவன் காதில் அடித்தது.

ஆறு லட்சத்தை இப்போது கட்டினால் பத்திரம் தருவீர்களா, மூன்று குழியையாவது பிரித்துத் தருவீர்களா என்று கேட்டான். முழுவதும் கட்டி முடித்தால்தான் பத்திரம், அதுவரை ஒரு அடிகூடப் பிரிக்க முடியாது என்றாள். தண்ணீர் வேண்டுமா சார் என்றும் கேட்டாள். ஊருக்கே தண்ணீர் விடுகிறவன் அன்றைக்கு அவள் கொடுத்த பாட்டிலை வாங்கி முழுவதையும் குடித்தான்.

பஸ் கிருமாம்பாக்கம் தாண்டும்போது செல்வியிடமிருந்து போன் வந்தது. எடுக்கவில்லை. மறுநாள் காலை தொட்டியடியில் இருக்கும்போது வந்தது. மோட்டார் சத்தத்தில் கேட்கவில்லை என்று பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டான். தெற்குத் தெருவுக்கு வால்வைத் திறந்துவிட்டு மூட மறந்து, தண்ணீர் சாக்கடையில் ஓடி, ஜனங்கள் வந்து சத்தம் போட்டார்கள். இந்த வேலைக்கு வந்து இத்தனை வருஷத்தில் அவன் அப்படி மறந்ததில்லை. வீட்டில் டைல்ஸ் தரையில் கால் வைக்கும்போதெல்லாம் தங்கையின் இடுப்பளவுத் தண்ணீர் கண்ணில் வந்தது. தான் தங்கையை ஏமாற்றிவிட்டோம் என்று அவனுக்குத் தெளிவாகவே தெரிந்தது. வேண்டுமென்று ஏமாற்றவில்லை என்பது ஒரு ஆறுதலாகவே இல்லை.

அஞ்சலாட்சியிடம் சொன்னபோது அவள் சத்தம் போடவில்லை. வெறும் மஞ்சள் கயிறு கிடந்த கழுத்தைத் தடவிக்கொண்டாள்.

“நக போனது போவட்டும். இத அவகிட்ட போயி நீங்கதான் சொல்லணும். நான் சொல்ல மாட்டேன்” என்றாள்.

வெறும் வாயோடு போய் எப்படிச் சொல்வது? அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தான். இன்னும் மூன்று லட்சம்தானே வேண்டும்? அரைக் காணி வயலில் ரோட்டை ஒட்டின தலைமாடு ஊர் மனைகளோடு சேர்ந்துதான் கிடந்தது. அதில் மூன்று குழி விற்றால் கடன் பாக்கியும் பத்திரச் செலவும் தீர்ந்துவிடும் என்று புரோக்கர் சொன்னார். ஒரே ஒரு சிக்கல். வயல் இன்னும் பக்கிரி பெயரிலேயே இருந்தது. வீடு கட்டும்போது கம்பெனி மனையை மட்டும்தான் கேட்டதால், செல்வி மனைக்கு மட்டும்தான் கையெழுத்துப் போட்டிருந்தாள். வயலை விற்க அவளும் கையெழுத்துப் போட வேண்டும். அது என்ன பெரிய விஷயம், அவள் போடமாட்டேன் என்றா சொல்லப்போகிறாள் என்று, இரண்டு சீப்பு வாழைப்பழத்தோடு ஞாயிற்றுக்கிழமை வில்லியனூருக்குப் போனான்.

செல்வி வீட்டுச் சுவரில் தண்ணீர் ஏறிய மட்டம் இன்னும் பழுப்புக் கோடாகத் தெரிந்தது. அதற்குக் கீழே பூச்சு பொருபொருத்து உதிர்ந்துகொண்டிருந்தது. சுப்பராயலு கட்டிலில் சுவரோரம் தலையணை வைத்துச் சாய்ந்திருந்தார். செல்வி தரையில் சாக்கை விரித்துப் பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள். டவுன் ஓட்டல்களுக்கு உரித்துக் கொடுக்கிற வேலை, கிலோவுக்கு இவ்வளவு என்று கூலி. பூண்டுக் காரத்தில் விரல் நுனியெல்லாம் தோல் உரிந்து சிவந்திருந்தது. அண்ணனைப் பார்த்ததும் எழுந்து டீ போட்டுக் கொடுத்துவிட்டு மறுபடி உட்கார்ந்து உரித்தாள்.

குமரவேல் எல்லாவற்றையும் சொன்னான். அந்த மட்டுக்கும் அவனை மெச்ச வேண்டும், ஒன்றையும் மறைக்கவில்லை. ஒன்பது லட்சத்தைச் சொன்னான். பன்னிரண்டு வருஷத்தைச் சொன்னான். தவணை ஏறக்கூடாது என்று தானே எழுதிக் கொடுத்ததையும் சொன்னான். செல்வி நிமிரவில்லை, கை மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. கடைசியில் வழியையும் சொன்னான்.

“தலமாட்டுல மூணு குழி வித்தா போதும் செல்வி. எல்லாம் முடிஞ்சிடும். வயலு அப்பா பேர்ல இருக்கறதால ஒன் கையெழுத்து வோணும். ஒரே ஒரு கையெழுத்துதான்.”

செல்வியின் கை நின்றது.

“எதுக்குண்ணா விக்கற?”

“ஒனக்கு மூணு குழி மீட்டுக் குடுக்கத்தான்.”

“வயல்ல எனக்கும் பங்கு இருக்கறதாலதான கையெழுத்து கேக்கற?”

“ஆமா.”

“அப்ப, எம் பங்க வித்து எம் மனைய மீட்டு எனக்கே குடுக்கப் போற.”

கட்டிலில் சுப்பராயலு தொண்டையைச் செருமிக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். மச்சான் முகத்தைப் பார்க்க அவருக்கே கூச்சமாக இருந்தது.

“ரோட்டுமேல மூணு குழி அங்கியே கெடந்துருக்குது. யாரு கடனும் அதுமேல இல்ல. அதக் குடுத்துருந்தா நா எப்பவோ குடி வந்துருப்பேன். இந்தத் தண்ணிக்குப் பயந்து புள்ளைங்கள தூக்கிக்கினு ஓடியிருக்க மாட்டேன். இது ஒனக்குத் தோணவே இல்லியாண்ணா?”

“தோணல” என்றான் குமரவேல்.

அது உண்மை. அதைவிடக் கேவலமான பொய் ஒன்றை அவன் சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை. அப்பாவோடு போய் மீட்டு வந்த வயல், தான் உழுகிற வயல், தன் பெயரில் இல்லாவிட்டாலும் தன்னுடையது என்பதில் அவனுக்கு ஒரு நாளும் சந்தேகம் வந்ததில்லை. தங்கைக்குக் கையெழுத்து உண்டு என்பது தெரியும். அந்தக் கையெழுத்துக்குப் பின்னால் ஒரு பங்கு உண்டு என்பது தெரியாது. வருஷா வருஷம் அறுப்பு முடிந்ததும் அவளுக்கு ஒரு மூட்டை அரிசி அனுப்புவான். அதைக்கூடத் தான் தங்கைக்குச் செய்கிற சீர் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தான்.

“ஒன் கடனுக்கு நானுந்தாண்ணா தவண கட்டிக்கினு இருந்தேன். நீ கம்பெனிக்குக் கட்டுன. நா வூட்டுக்காரருக்குக் கட்டுனேன். ஒனக்காவது ஒரு வூடு நிக்குது” என்றாள் செல்வி. குரல் உயரவில்லை. அவள் திட்டியிருந்தால் அவன் தாங்கிக்கொண்டிருப்பான்.

“மூணு குழி நீயே எடுத்துக்க செல்வி. தலமாட்டுலயே எடுத்துக்க. நாளைக்கே எழுதிடலாம்.”

“மூணு குழி வாணாம்ணா. அது நீயா குடுக்கறேன்னு சொன்னது. வயல்ல பாதி எழுதிக் குடு. அது எம் பங்கு.”

அவன் தலையை ஆட்டினான். ஆறு லட்சம் கையில் இருக்கிறது, வீடு கட்ட அதில் கொஞ்சம் எடுத்துக்கொள் என்றும் சொல்லிப் பார்த்தான். அது அண்ணியின் நகை என்று சொல்லிவிட்டாள். புறப்படும்போது வாசலில் நின்று, டீ ஆறிப்போச்சே, குடிக்கவே இல்லையே அண்ணா என்றாள். அவன் திரும்பி வந்து ஆறின டீயை நின்றபடியே குடித்துவிட்டுப் போனான்.

பாகப் பத்திரம் மாசிக் கடைசியில் எழுதப்பட்டது. அதே பாகூர் ஆபீஸ், வெளியே அதே வேப்பமரம். இந்தத் தடவை செல்வி பத்திரம் எழுதுகிறவரை முழுவதும் வாசிக்கச் சொன்னாள். அவர் வேகமாக ஓட்டிக்கொண்டு போனார். நடுவில் நிறுத்தி, எல்லை நான்கையும் இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னாள். வடக்கே ரோடு, கிழக்கே வாய்க்கால், மேற்கே ஊர் மனை, தெற்கே குமரவேல் பாகம். அவள் கேட்டு முடித்துத் தலையாட்டிய பிறகுதான் உள்ளே போனார்கள். மிஷினில் அவள் கட்டை விரல் ரேகை விழவில்லை. பூண்டு உரித்து உரித்து நுனி தேய்ந்துபோயிருந்தது. துடைத்து, தேங்காய் எண்ணெய் தடவி, மறுபடி துடைத்து வைத்த பிறகு விழுந்தது. கியூவில் பின்னால் நின்றவர்கள் சலித்துக்கொண்டார்கள். குமரவேல் அந்த விரலைப் பார்த்துக்கொண்டு நின்றான். அவன் கையெழுத்து ஒரு நிமிஷத்தில் முடிந்துவிட்டது.

வெளியே வந்ததும் செல்வி வயர் கூடையிலிருந்து ஒரு ஜவுளிக்கடைக் கவரை எடுத்து அவன் கையில் கொடுத்தாள். மடிப்புக் கலையாத ஒரு துண்டும், அதற்குக் கீழே ஒரு வேட்டியும் இருந்தன.

“இன்னா செல்வி இது?”

“கையெழுத்து போட்டு வுட்டுக் குடுத்தவங்கள வெறுங்கையா அனுப்பக் கூடாதுல்ல” என்றாள்.

கேலியாகச் சொன்னாளா, மனசாரச் சொன்னாளா என்று அவன் அவள் முகத்தைப் பார்த்தான். கேலி இல்லை. இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். வில்லியனூர் பஸ் வந்தது. சுப்பராயலுவின் கையைப் பிடித்து மெதுவாக ஏற்றிவிட்டு, தானும் ஏறிக்கொண்டாள். அஸ்திவாரம் போடுகிற அன்றைக்கு அண்ணியைக் கூட்டிக்கொண்டு காலையிலேயே வந்துவிடு என்று ஜன்னல் வழியாகச் சொன்னாள்.

ஆறு லட்சத்தை அவன் கடனில் கட்டிவிட்டான். மிச்சத்தை இரண்டரை வருஷத்தில் முடித்துவிடலாம் என்று அந்த ஆபீஸ் பெண் கணக்குப் போட்டுக் கொடுத்தாள். இந்தத் தடவை அவன் எல்லாவற்றையும் கேட்டுத் தெரிந்துகொண்டான். இப்போது டீக்கடையில் யாராவது வீட்டுக்கடன் என்று வாயெடுத்தால், மொதல்ல வட்டிய எடுத்துடுவான், போய்க் கேட்டுக்கினு கையெழுத்து போடு என்று சொல்கிறான். தங்கை கதையை மட்டும் சொல்வதில்லை. அதை எனக்கு அஞ்சலாட்சிதான் சொன்னாள்.

பத்திரம் எழுதிவிட்டு வந்த அன்றைக்கு அவன் கவரை ஹாலில் வைத்துவிட்டு, சாப்பிடாமல் மாடிப்படியில் உட்கார்ந்திருந்தான். அஞ்சலாட்சி கவரைப் பிரித்தாள். வேட்டியை உதறி, கரையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, இரண்டு விரலுக்கு நடுவில் வைத்துத் தேய்த்துப் பார்த்தாள். பூண்டு உரித்த காசில் இதை வாங்க எத்தனை நாள் ஆகியிருக்கும் என்று அவளுக்குள் ஓடியது. அதைப் புருஷனிடம் சொல்லவில்லை.

“நல்ல நூலுங்க. எத்தினி தண்ணி பட்டாலும் ஒன்னும் ஆவாது” என்றாள்.

குமரவேல் முகத்தை மூடிக்கொண்டு அழுதான். அவளுக்கு அப்போதுதான் அந்த ரோஸ் கலர் சட்டை ஞாபகம் வந்தது.